பெண்ணைக் கரையின் கதை – 11: முத்திரை மோதிரம்

சென்ற அத்தியாயத்தில் 1429ஆம் ஆண்டில் வலங்கை, இடங்கை மக்கள் ஒன்றுகூடி வரி கட்ட மறுத்ததைப் பார்த்தோம். அதிகாரிகளுக்கு அடைக்கலம் கொடுப்பவன், அவர்களுக்குக் கணக்கு எழுதிக் கொடுப்பவன் நம்மில் யாராக இருந்தாலும் விடமாட்டோம் என்று திருவைகாவூரிலும் கொருக்கையிலும் ஆடுதுறையிலும் கல்லில் வெட்டி வைத்தார்கள். உழுதவனும் நெய்தவனும் செய்த கலகம் அது. தங்களுக்கு என்ன வேண்டும் என்பதைத் தாங்களே சொல்லிவிட்டுப் போனார்கள்.

அதற்கு 185 ஆண்டுகள் கழித்து நம் மண்ணில் இன்னொரு கலகம் வந்தது. இந்த முறை வாளெடுத்தவர்கள் கோட்டை கட்டி ஆண்டவர்கள். 1614 அக்டோபரில் ஒரு கிழ அரசர் இறந்தார். அவர் விரலில் கிடந்த மோதிரம் யாருக்கு என்ற சண்டை, பாலாற்றங்கரையில் தொடங்கிக் காவிரிக் கரை வரைக்கும் நாட்டை இரண்டாகப் பிளந்தது. விஜயநகரப் பேரரசின் உள்நாட்டுப் போர் என்று வரலாற்று நூல்கள் அதைக் குறிப்பிடும். நமக்கு அது செஞ்சிச் சீமையின் போரும்கூட.

முகையூரை நடுவில் வைத்துப் பாருங்கள். வடக்கே செஞ்சிக் கோட்டை. மேற்கே பெண்ணையாற்றின் இக்கரையில் பாறைமேல் நிற்கும் அரகண்டநல்லூர்க் கோயில், அக்கரையில் திருக்கோவிலூர். 16ஆம் நூற்றாண்டின் கடைசியில் இந்த நிலம் முழுவதும் செஞ்சி நாயக்கரின் ஆட்சியில் இருந்தது. பாலாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் இடைப்பட்ட நாடு அவருடையது. அதற்குத் தெற்கே தஞ்சை நாயக்கர், அவருக்கும் தெற்கே மதுரை நாயக்கர். மூவருக்கும் மேலே பேரரசர். நிலத்தை ஆளும் உரிமையை அவர் தருவார். நாயக்கர் பதிலுக்குக் கப்பம் கட்ட வேண்டும், கேட்டபோது படை அனுப்ப வேண்டும். ஏற்பாடு இவ்வளவுதான். பேரரசர் பலமாக இருக்கும்வரை அது ஓடியது. தலைக்கோட்டையில் 1565இல் விஜயநகரம் தோற்ற பிறகு, கப்பத்தை ஏன் கட்ட வேண்டும் என்ற கேள்வி ஒவ்வொரு கோட்டையிலும் எழ ஆரம்பித்தது.

செஞ்சியில் அந்தக் கேள்வியை வாய்விட்டே கேட்டவர் கிருஷ்ணப்ப நாயக்கர்.

அவரை நேரில் பார்த்து எழுதி வைத்தவர் ஒருவர் இருக்கிறார். நிக்கோலாஸ் பிமெந்தா என்ற ஏசுசபைப் பாதிரியார். 1597இல் சிதம்பரம் வழியாகச் செஞ்சிக்கு வந்தார். இந்தியாவில் தாம் பார்த்த நகரங்களிலேயே பெரியது செஞ்சி என்றும், போர்த்துகலில் லிஸ்பன் தவிர வேறெந்த ஊரும் இதற்கு ஈடில்லை என்றும் எழுதினார். இன்று ஆட்டு மந்தைகள் மேயும் அந்த மலையடிவாரத்தில் அன்று கடைத்தெருக்களும் மாளிகைகளும் நிறைந்திருந்தன.

கிருஷ்ணப்பரைப் பற்றிய அவருடைய சித்திரம் இன்னும் நெருக்கமானது. பட்டுக் கம்பளத்தில் இரண்டு திண்டுகளில் சாய்ந்திருந்தார் நாயக்கர். நீண்ட பட்டு உடை. கழுத்தில் முத்தும் மணியும் பதித்த கனத்த சங்கிலி. தலைமுடியை உச்சியில் முடிந்திருந்தார். வந்த பாதிரிமாருக்கு வெற்றிலை கொடுத்தார். அவர்கள் அதை மெல்லாமல் வைத்துக்கொண்டிருந்ததைப் பார்த்து ஆச்சரியப்பட்டார். பொன்னிழைத் துணிகள் பரிசளித்தார். வெள்ளாற்று முகத்துவாரத்தில் தாம் கட்டிக்கொண்டிருந்த புதிய துறைமுக நகரில் மாதாகோயில் கட்டிக்கொள்ளவும் அனுமதி தந்தார். கிருஷ்ணபட்டணம் என்ற அந்த ஊர்தான் இன்றைய பரங்கிப்பேட்டை என்று ஆய்வாளர்கள் கொள்கிறார்கள்.

இதே மனிதரின் இன்னொரு முகத்தையும் பிமெந்தா சிதம்பரத்தில் பார்த்தார். நடராசர் கோயிலுக்குள் கோவிந்தராசப் பெருமாள் சன்னிதியை விரிவாக்கும் வேலையைக் கிருஷ்ணப்பர் முன்னின்று நடத்திக்கொண்டிருந்தார். தீட்சிதர்கள் எதிர்த்தார்கள். எதிர்ப்பு பலிக்காதபோது கோபுரத்தின்மேல் ஏறி ஒருவர்பின் ஒருவராகக் குதித்து உயிரைவிட்டார்கள். இருபது பேர் மாண்டதாகப் பாதிரியார் எழுதுகிறார். நாயக்கர் வேலையை நிறுத்தவில்லை. மேலே ஏறுகிறவர்களைச் சுடச் சொன்னார், இருவர் சுடப்பட்டார்கள். கிருஷ்ணப்பர் எப்படிப்பட்டவர் என்று தெரிந்துகொள்ள இந்த ஒரு நிகழ்ச்சி போதும். இளமையில் தன்னைச் சிறைவைத்த சிற்றப்பனைப் பிறகு பிடித்துக் கண்ணைப் பறித்தவர் என்றும் ஏசுசபைக் கடிதங்கள் சொல்கின்றன.

இப்படிப்பட்டவர் பேரரசர் வேங்கடபதி தேவராயருக்கு எவ்வளவு நாள் அடங்கியிருப்பார்? கப்பத்தை நிறுத்தினார், கலகம் செய்தார், தோற்றார், சிறைப்பட்டார். விடுதலை வந்த விதம் விசித்திரமானது. தஞ்சை இளவரசர் ரகுநாதர், கோல்கொண்டாப் படையை எதிர்க்கப் பேரரசருக்குத் துணையாகப் பெனுகொண்டா சென்று வெற்றி தேடித்தந்தார். அதற்குப் பரிசாகக் கிருஷ்ணப்பரின் விடுதலையைக் கேட்டார். பேரரசர் இசைந்தார். வெளியே வந்த கிருஷ்ணப்பர் தன் மகளை ரகுநாதருக்கே மணமுடித்துக் கொடுத்தார் என்று தஞ்சை அரசவைக் காவியங்கள் சொல்கின்றன. இந்தச் சம்பந்தத்தை வாசகர்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னால் இந்த மாமனாரும் மருமகனும் எதிரெதிர்ப் படைகளில் நிற்கப் போகிறார்கள்.

சிறையிலிருந்து வந்த பிறகும் செஞ்சிக்கும் பேரரசருக்கும் இடையில் நெருப்பு அணையவில்லை. செஞ்சிக்குக் கட்டுப்பட்டிருந்த வேலூர் லிங்கம நாயக்கரும் பேரரசரை மதிக்கவில்லை. அவரை அடக்கப் பேரரசரின் கையில் இருந்த வாள், வெலுகோட்டி யாசம நாயக்கர். 1601இல் உத்திரமேரூரில் நடந்த சண்டையில் லிங்கமரின் தரப்பை யாசமர் முறியடித்தார். சில ஆண்டுகளில் வேலூர்க் கோட்டையும் வீழ்ந்தது. அகழியும் கற்கோட்டையும் உள்ள வேலூர் பேரரசரின் இருப்பிடமாகவே ஆகிவிட்டது. செஞ்சியின் வாசலில் பேரரசரே வந்து உட்கார்ந்துகொண்டதுபோல் ஆயிற்று.

கிருஷ்ணப்பர் கடல் பக்கம் திரும்பினார். 1608இல் டச்சுக்காரர்கள் கடலூருக்கு அருகே தேவனாம்பட்டினத்தில் வணிகம் செய்ய இடம் கொடுத்தார். போர்த்துகீசியர் கொதித்துப்போய் வேலூரில் முறையிட்டார்கள். டச்சுக்காரர்களை வெளியேற்றச் சொல்லிப் பேரரசரிடமிருந்து செஞ்சிக்கு உத்தரவு வந்தது. தன் துறைமுகத்தில் யார் துணி வாங்குவது என்பதைக்கூடத் தான் தீர்மானிக்க முடியாத நிலைமை நாயக்கருக்கு எவ்வளவு உறுத்தியிருக்கும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

இனி 1614க்கு வருவோம். அடுத்து நடந்ததைப் பெரும்பாலும் மனுவேல் பர்ராதாஸ் என்ற இன்னொரு ஏசுசபைப் பாதிரியார் 1616 டிசம்பர் 12ஆம் நாள் எழுதிய கடிதத்திலிருந்துதான் அறிகிறோம். ராபர்ட் சிவெல் 1900இல் விஜயநகர வரலாற்றை எழுதியபோது அந்தக் கடிதத்தை ஆங்கிலத்தில் சேர்த்து வெளியிட்டார்.

வேங்கடபதிக்குப் பல மனைவியர் இருந்தும் பிள்ளை இல்லை. அவர்களில் பாயம்மா என்ற அரசி, தன்னிடமிருந்த ஒரு பிராமணப் பெண்ணுக்குப் பிறந்த குழந்தையைத் தன் குழந்தை என்று ஊருக்குக் காட்டினாள். அரசருக்கு உண்மை தெரியும், அவள்மேல் இருந்த பிரியத்தால் தெரியாததுபோல் இருந்தார் என்கிறார் பர்ராதாஸ். சாகிற காலத்தில் அவருடைய மனம் மாறியது. இறப்பதற்கு மூன்று நாள் முன்பு தன் அண்ணன் மகன் ஸ்ரீரங்கரை அழைத்து முத்திரை மோதிரத்தைக் கொடுத்தார். ஸ்ரீரங்கர் அழுதார். வேண்டாம், வேறு யாருக்காவது கொடுங்கள் என்று மன்றாடினார். பெரியவர்கள் வற்புறுத்தி வாங்கவைத்தார்கள். மூன்றாம் நாள் அரசர் கண்ணை மூடினார். சந்தனக் கட்டையில் எரிந்த அந்தச் சிதையில் அரசிகளில் மூவர் உடன்கட்டை ஏறினார்கள்.

புதிய அரசர் வந்ததும் வராததுமாகச் சிலருடைய பதவியைப் பிடுங்கினார், சிலரை அலட்சியப்படுத்தினார். பாயம்மாவின் பிறந்த வீட்டுக்காரரான கொப்பூரி ஜக்கராயர் இதற்காகவே காத்திருந்தார். திம்ம நாயக்கர், மாகராஜர் என்ற இரு தளபதிகளைச் சேர்த்துக்கொண்டு அரண்மனைக்குள் புகுந்து, ஸ்ரீரங்கரையும் அவர் மனைவி மக்களையும் சிறைப்பிடித்தார். பாயம்மாவின் வளர்ப்புப் பையனுக்குப் பட்டம் கட்டினார். படைத்தலைவர்கள் ஒவ்வொருவராக வந்து பையனுக்கு வணக்கம் செலுத்தினார்கள். ஒருவர் மட்டும் வரவில்லை. உத்திரமேரூரில் ஜெயித்த யாசமர்.

யாசமர் முதலில் சண்டைக்குப் போகவில்லை. சிறையில் இருக்கும் அரச குடும்பத்தில் ஓர் உயிரையாவது வெளியே கொண்டுவந்துவிட வேண்டும் என்று நினைத்தார். அதற்குக் கைகொடுத்தவர் அரண்மனைக்குத் துணி வெளுக்கும் ஒரு வண்ணார். அரசரின் நடுமகன் ராமதேவருக்கு அப்போது 12 வயது. பையனை அழுக்குத் துணி மூட்டைக்குள் வைத்துக் கட்டினார். காவல் மாறும் கதவுகள், ஆயுதம் தாங்கிய ஆட்கள் எல்லாவற்றையும் தாண்டி மூட்டையைச் சுமந்துகொண்டு வெளியே வந்தார். அரண்மனை அழுக்குத் துணியை அவிழ்த்துப் பார்க்க எந்தக் காவலனும் கை நீட்டியிருக்க மாட்டான். எல்லோரும் ஒதுக்கிவைத்த தொழிலே அன்று அந்தப் பிள்ளைக்குக் கவசமாயிற்று. மூட்டைக்குள்ளிருந்து ஒரு இருமல் வந்திருந்தால் இரண்டு தலைகள் உருண்டிருக்கும். இந்தப் போரில் ஈடுபட்ட லட்சக்கணக்கானவர்களில் இவரைவிடத் துணிச்சலான ஒருவரை என்னால் காட்ட முடியவில்லை. அவருடைய பெயர் எந்த ஏட்டிலும் எழுதப்படவில்லை.

அரசரை மீட்கச் சுரங்கம் தோண்டினார்கள், தெரிந்துபோயிற்று. கோட்டைத் தலைவன் ஒருவனைக் கைக்குள் போட்டுக்கொண்டு காவலர்களைக் கொன்றார்கள். யாசமரின் படை வந்து சேர்வதற்குள் ஜக்கராயரின் ஆட்கள் மறுபடி உள்ளே நுழைந்துவிட்டார்கள். இனி இந்த மனிதன் உயிரோடிருந்தால் ஆபத்து என்று ஜக்கராயர் முடிவுகட்டித் தன் தம்பியைச் சிறைக்கு அனுப்பினார். பிறர் கையில் சாவதைவிடத் தன் கையால் சாவதே மேல் என்ற நிலையில், அரசர் தன் மனைவியையும் பிள்ளைகளையும் வெட்டிவிட்டுத் தன்னையும் மாய்த்துக்கொண்டார் என்று பர்ராதாஸ் எழுதுகிறார்.

இந்தச் செய்தி வெளியே வந்ததும் காற்று திசைமாறியது. ஜக்கராயருக்கு வணக்கம் சொன்ன தளபதிகள் பலர் கூசிப்போய் யாசமர் பக்கம் வந்தார்கள். மூட்டையில் தப்பிய பையனின் பெயரில் யாசமர் போரைத் தொடங்கினார். ஜக்கராயர் தோற்றுக் காட்டுக்குள் ஓடினார். அங்கிருந்து தெற்கே துணை தேடினார். கைகொடுத்தவர்கள் இருவர். மதுரை முத்துவீரப்ப நாயக்கர் ஒருவர், செஞ்சி நாயக்கர் இன்னொருவர்.

செஞ்சி ஏன் கொலைகாரன் பக்கம் போனது? பாயம்மாவின் பையன் உண்மையான வாரிசு என்று செஞ்சியில் யாரும் நம்பியிருக்க வாய்ப்பில்லை. வேலூரைப் பறித்தவர் யாசமர். அவர் எந்தப் பக்கமோ, செஞ்சி அதற்கு எதிர்ப் பக்கம். தஞ்சையோடும் சம்பந்தம் கசந்துபோயிருந்தது. கொள்ளிடத்தின் முகத்துவாரத்தில் தேவிக்கோட்டைத் தீவில் இருந்துகொண்டு தொல்லை கொடுத்த சோழகன் என்ற சிற்றரசனுக்குச் செஞ்சி ஆதரவு தந்தது. ரகுநாதர் அந்தத் தீவைத் தாக்கிச் சோழகனை அடக்கியிருந்தார். இவை எல்லாவற்றுக்கும் மேல், பேரரசுக் கட்டிலில் ஒரு பொம்மை உட்கார்ந்தால் கப்பம் கேட்க ஆளிருக்காது. செஞ்சி, மதுரை இருவரின் கணக்கும் இதுதான் என்பது என் முடிவு. யாருமே அரசர் வேண்டாம் என்று சொல்லவில்லை. ஒவ்வொருவரும் ஓர் அரசரின் பெயரைச் சொல்லிக்கொண்டே அரசைக் குலைத்தார்கள்.

தஞ்சை ரகுநாதர் யாசமரோடும் சிறுவன் ராமதேவரோடும் சேர்ந்தார். தன்னால் சிறையிலிருந்து மீட்கப்பட்ட மாமனார் வீட்டை எதிர்த்து மருமகன் களத்தில் இறங்கினார்.

இப்போது நம் ஊர்ப் பக்கம் வருவோம். போர் தெற்கே திருச்சிப் பக்கம் நகர்ந்தது. வேலூரிலிருந்து திருச்சிராப்பள்ளிக்குப் போகும் எந்தப் படையும் பெண்ணையாற்றைக் கடக்காமல் போக முடியாது. கிருஷ்ணகிரிப் பக்கம் நுழைந்து கடலூரில் கடலில் சேரும்வரை அந்த ஆறு வழியை மறித்துக்கொண்டு குறுக்கே ஓடுகிறது. கோடையில் திருக்கோவிலூர், திருவெண்ணெய்நல்லூர்ப் பக்கம் மணலில் இறங்கி நடந்துவிடலாம். ஐப்பசி கார்த்திகையில் வெள்ளம் வந்தால் யானைகூடத் தயங்கும். திருச்சிச் சமவெளியில் ஒவ்வொரு தரப்பிலும் லட்சம் பேர் திரண்டிருக்கிறார்கள், மொத்தம் பத்து லட்சம்கூட இருக்கும் என்று பர்ராதாஸ் எழுதினார். அது மிகை. பத்தில் ஒரு பங்கு என்றே வைத்துக்கொண்டாலும் ஒரு லட்சம் வயிறுகள். அதோடு குதிரைகள், யானைகள், வண்டி மாடுகள். அன்றைய படைகளுக்கு உணவை எல்லாம் தலைநகரத்திலிருந்து சுமந்து செல்லும் வசதி கிடையாது. போகிற வழியில் இருக்கும் களத்து நெல்லும் குதிரில் இருக்கும் கம்பும் கேழ்வரகும்தான் படையின் சோறு. கண்டாச்சிபுரம், முகையூர், அரகண்டநல்லூர் என்று இந்த மானாவாரி மண்ணில் விளைந்ததை யார் யார் எத்தனை முறை அள்ளிப்போனார்கள் என்று எழுதிவைக்க எந்த அரசவைப் புலவருக்கும் தோன்றவில்லை. ஜெயித்த படை கேட்டாலும் தோற்ற படை பிடுங்கினாலும் குடியானவனின் குதிர் காலியாவது ஒன்றுதான்.

தெற்கே நடந்தது இன்னும் கொடுமை. கல்லணையை எதிரிகள் உடைத்துவிட்டார்கள் என்ற செய்தி ரகுநாதருக்கு வந்ததாகத் தஞ்சைக் காவியங்கள் கூறுகின்றன. இதன் முழு அர்த்தம் டெல்டா விவசாயிக்கு உடனே புரியும். கல்லணைக்கு அருகே காவிரியின் படுகையைவிடக் கொள்ளிடத்தின் படுகை தாழ்வு. தண்ணீரின் இயல்பு அங்கே சரிந்து கடலுக்கு ஓடிவிடுவதுதான். அதைத் தடுத்துத் தஞ்சைப் பக்கத்துக் கால்வாய்களுக்குத் திருப்பி வைத்திருப்பது அந்த அணை. அதை உடைத்தால் கரை தாண்டி வெள்ளம் வராது; காவிரிப் பாசனம் வற்றிப்போகும். பர்ராதாஸின் கடிதம் டிசம்பரில் எழுதப்பட்டது; திருச்சிச் செய்தி அவரை எட்டச் சில வாரமாவது ஆகியிருக்கும். அப்படியானால் படைகள் திரண்டது சம்பா பயிர் வயலில் நிற்கும் பருவத்தில். பதிமூன்று, பதினான்கு நூற்றாண்டுகளாகச் சோறு போட்ட அணையை அரசியல் பகைக்காகப் பெயர்த்த செயலை எந்த நியாயமும் மூடிமறைக்க முடியாது. வாரிசுரிமை யாருக்கு என்ற வாதத்தில் இரண்டு பக்கமும் பேச இடமிருக்கலாம். இதில் இல்லை.

1616ஆம் ஆண்டின் கடைசியில் கல்லணைக்கு அருகே தோப்பூரில் இரு படைகளும் மோதின. ஜக்கராயர், மதுரை, செஞ்சி, அவர்களோடு பரங்கிப் படையாட்கள் ஒரு பக்கம். யாசமரும் ரகுநாதரும் இன்னொரு பக்கம். போர் விவரங்கள் அனைத்தும் தஞ்சை அரசவையிலிருந்து வந்தவை. ராமபத்ராம்பா என்ற பெண் கவிஞர் ரகுநாதரைப் பாட்டுடைத் தலைவனாக்கிச் சமஸ்கிருதக் காவியம் எழுதினார். யக்ஞநாராயண தீட்சிதர் சாகித்ய ரத்னாகரம் எழுதினார். ரகுநாதரின் மகன் விஜயராகவரே தெலுங்கில் எழுதினார். ஜெயித்தவன் வீட்டுக் கவிகள் எழுதியது என்ற நினைப்போடு படிக்க வேண்டிய நூல்கள் இவை. களத்தில் ஜக்கராயர் யாசமரின் கையால் மாண்டார் என்பதில் எல்லாம் ஒத்துப்போகின்றன. செஞ்சி நாயக்கர் முதலில் ஓடினார் என்று எழுதியிருப்பதை நான் அவ்வளவாக நம்பமாட்டேன். தோற்றவர் தரப்பிலிருந்து ஒரு வரிகூட நமக்குக் கிடைக்கவில்லையே! மதுரை நாயக்கர் தப்பி ஓடும்போது பிடிபட்டார். பாயம்மாவின் பையனும் பிடிபட்டான்.

தோப்பூருக்குப் பிறகு ரகுநாதரின் படை வடக்கே ஏறியது. புவனகிரி போயிற்று. ஒவ்வொரு கோட்டையாகப் போய், கடைசியில் செஞ்சி நாயக்கருக்குச் செஞ்சி ஒன்றுதான் மிஞ்சியது என்கின்றன அந்தக் காவியங்கள். துணி மூட்டையில் தப்பிய பையன் ராமதேவர் தன் 15ஆம் வயதில் கும்பகோணத்தில் முடிசூடினார். பேரரசரின் பட்டாபிஷேகம் பேரரசரின் தலைநகரத்தில் நடக்கவில்லை, ஒரு நாயக்கரின் ஊரில் அந்த நாயக்கரின் பாதுகாப்பில் நடந்தது என்பதைக் கவனியுங்கள். அரசைக் காப்பாற்றியவர்களின் கைக்குள் அரசு அடங்கிவிட்டது.

சண்டை அதோடு ஓயவும் இல்லை. ஜக்கராயரின் தம்பி யதிராஜர் தொடர்ந்து போராடினார். கடைசியில் ராமதேவர் யதிராஜரின் மகளையே மணந்து சமாதானம் செய்துகொண்டார். தன் தாய் தகப்பனைச் சாகவைத்த குடும்பத்தில் பெண்ணெடுத்தார். உயிரைப் பணயம் வைத்து அவரைக் காத்த யாசமர் இதை ஏற்கவில்லை, ஒதுக்கப்பட்டார். அரசியலில் நன்றிக்கு ஆயுள் எவ்வளவு என்பதை அந்த முதியவர் அப்போது அறிந்திருப்பார்.

உலகம் முழுக்க அப்படியொரு காலம் அது. ரஷ்யாவில் இறந்துபோன இளவரசன் திமித்ரி நான்தான் என்று போலிகள் அடுத்தடுத்துக் கிளம்பி நாட்டையே அலைக்கழித்த குழப்பம் 1613இல்தான் முடிந்திருந்தது. வேலூர் அரச குடும்பம் சிறையில் இருந்த அதே 1614ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில் ஜப்பானில் ஒசாகா கோட்டையை முற்றுகையிட்டு, பழைய ஆட்சியாளரின் வாரிசை ஒழிக்கும் போர் நடந்துகொண்டிருந்தது. வடக்கே ஜஹாங்கீரை எதிர்த்து அவருடைய மகன் குஸ்ரு 1606இலும், இன்னொரு மகன் குர்ரம் 1622இலும் கலகம் செய்தார்கள். குர்ரம் பின்னர் ஷாஜகான் ஆனார். இங்கிலாந்தில் மன்னருக்கும் பாராளுமன்றத்துக்கும் போர் மூண்டது 1642இல். அந்தப் போரில் வரி போடும் உரிமை யாருக்கு என்ற கேள்வியாவது இருந்தது. நம் நாட்டுப் போரில் அந்தக் கேள்வி எழவில்லை. 1429இல் வலங்கையும் இடங்கையும் எழுப்பிய கேள்வியை 1614இன் கோட்டைக்காரர்கள் யாரும் எடுத்துக்கொள்ளவில்லை. அதுவே இந்தப் போரின் பெரிய குறை.

செஞ்சி அதற்குப் பிறகு நிமிரவில்லை. 1649இல் பீஜப்பூர்ப் படை கோட்டையைப் பிடித்தது. நாயக்கர் ஆட்சி முடிந்தது. 1677இல் சிவாஜி வந்தார், 1698இல் முகலாயர், பிறகு 1714இல் ஆற்காட்டு நவாபை எதிர்த்து மாண்ட தேசிங்கு ராஜா. 2025 ஜூலையில் யுனெஸ்கோ செஞ்சியை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தபோது, மராத்தியரின் ராணுவ அரண்கள் என்ற பட்டியலில் மகாராஷ்டிரத்துக் கோட்டைகள் பதினொன்றோடு பன்னிரண்டாவதாகச் சேர்த்தது. பெருமைக்குரிய செய்திதான். ஆனால் மராத்தியர் செஞ்சியில் இருந்தது இருபத்தோரு ஆண்டு. நாயக்கர்கள் நூறாண்டுக்கு மேல் ஆண்டார்கள். மராத்தியர் பெயரில் பட்டயம் கிடைத்த கோட்டையில் நாயக்கர் காலத்தையும், அவர்களுக்காக நெல்லும் உயிரும் கொடுத்த சீமையையும் சொல்லும் பலகைகள் விரிவாக வைக்கப்பட வேண்டும்.

இந்தக் கதையைப் பாதிரியார்களின் கடிதங்களிலிருந்தும் தஞ்சைக் கவிகளின் ஏடுகளிலிருந்தும்தான் தொகுக்க முடிந்தது. செஞ்சிச் சீமையின் குரல் எங்காவது மிஞ்சியிருந்தால் அது நம் கிராமத்துக் கோயில் சுவர்களில்தான் இருக்கும்: வரி தள்ளுபடி, பாழான ஊரில் மீண்டும் குடியேற்றம், ஏரி மராமத்து என்று ஏதாவது ஒரு துண்டுக் கல்வெட்டில். முகையூர், கண்டாச்சிபுரம், திருக்கோவிலூர் வட்டார வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் ஊர்க் கோயிலில் திருப்பணி தொடங்கும்போது கல்வெட்டுச் சுவரில் வெள்ளையடிக்கவோ, மணல் வீச்சு இயந்திரம் வைக்கவோ விடாதீர்கள். முதலில் தொல்லியல் துறைக்குத் தகவல் சொல்லி மைப்படி எடுக்கச் செய்யுங்கள். பிறகு திருப்பணி நடக்கட்டும்.